முடிவு தெரியாத கடிதம்

காஞ்சிபுரத்திலிருந்து தெற்கே ஒரு மணி நேரப் பேருந்துப் பயணத்தில் உத்திரமேரூர் வந்துவிடுகிறது. பராந்தக சோழன் காலத்துக் குடவோலைக் கல்வெட்டுகளைக் காணப் பள்ளிப் பிள்ளைகளும் அரசியல் தலைவர்களும் அங்கே வந்துபோகிறார்கள். மக்கள் தம் பிரதிநிதிகளைத் தாமே தேர்ந்த ஊர் என்று அதன் புகழ் பரவியிருக்கிறது. அதே ஊரில் 1601ஆம் ஆண்டில் ஒரு போர் நடந்தது என்பதை வழிகாட்டிகள் யாரும் சொல்வதில்லை. சொல்வதற்குக் கல்வெட்டு இல்லை. ஒரு தெலுங்கு நூல்தான் உண்டு.

அந்நூலின் பெயர் 'வெலுகோடிவாரி வம்சாவளி'. வெலுகோடி குடும்பத்தின் வீரர்களைத் தலைமுறை தலைமுறையாகப் பாடிய பாணர்களின் செய்யுள்களை ஒன்றுசேர்த்து, நே. வெங்கடரமணய்யா பதிப்பிக்க, சென்னைப் பல்கலைக்கழகம் 1939இல் வெளியிட்டது. அக்குடும்பத்தின் பெருவீரர் யாசம நாயக்கர். செங்கற்பட்டுப் பகுதியிலிருந்த பெரும்பேடு சீமை அவர் ஆட்சியில் இருந்தது. வேலூரை ஆண்ட இலிங்கம நாயக்கர் பேரரசர் வேங்கடபதிக்குப் பணிய மறுத்த நாட்களில், அவருடைய படையை யாசமர் உத்திரமேரூரில் எதிர்கொண்டார். எதிரிப் படைத்தலைவன் தாவுல பாப்ப நாயுடு அங்கே மடிந்தான். பாணர்களுக்கு அது ஒரு திருவிழா. வாள் மின்னுகிறது, யானை பிளிறுகிறது, பகைவர் ஓடுகின்றனர். இலிங்கமர் ஏன் பணிய மறுத்தார் என்ற வினா அந்தச் செய்யுள்களின் பக்கத்தில்கூட வருவதில்லை.

இந்தப் பகுதியில் பல ஆண்டுகளாகக் குருப்பணி ஆற்றிவரும் எனக்கு அந்த வினா சிறு முள்ளாக இருந்துவந்தது. அதைத் தேடிச் சென்றபோதுதான், அப்போருக்குப் பதினைந்து ஆண்டுகள் கழித்து நம் இயேசு சபைக் குரு ஒருவர் எழுதிய கடிதத்தில் யாசமரை மறுபடியும் சந்தித்தேன். அந்தக் கடிதத்தையும் அதே நிகழ்ச்சிகளைப் பாடிய அரசவைக் காவியங்களையும் அருகருகே வைத்துப் படித்ததன் பயனே இக்கட்டுரை.

முதலில் காலத்தைச் சற்று விளக்க வேண்டும். 1565இல் தலைக்கோட்டைப் போரில் தோற்ற பின் விசயநகர அரசு தெற்கு நோக்கி நகர்ந்தது. பெனுகொண்டா, சந்திரகிரி, வேலூர் என்று தலைநகர்கள் மாறின. 1586 முதல் 1614 வரை ஆண்ட இரண்டாம் வேங்கடபதி, சிதறிய அரசை ஓரளவு நிறுத்திப் பிடித்தவர். நம் காஞ்சி அவர் ஆட்சிக்குள் இருந்தது. அவருடைய குருவான இலட்சுமிகுமார தாத்தாச்சாரியார் காஞ்சி வரதராசர் கோயிலின் நிருவாகத்தைக் கவனித்தார். அய்யங்கார்குளத்து ஏரி அவர் வெட்டுவித்தது. 1614இல் அவர் கோயில் விமானத்திற்குப் பொன் வேய்ந்ததாகக் கல்வெட்டு சொல்கிறது. அதே அரசர்தாம் 1598 முதல் இயேசு சபைக் குருக்களைச் சந்திரகிரியில் வரவேற்று இடமளித்தவர். சபையைச் சேர்ந்த ஓவியர் ஒருவர் அவர் அவையில் இருந்து வண்ணம் தீட்டிய செய்தியைத் தந்தை ஹென்றி ஹீராஸ் தம் 1927ஆம் ஆண்டு நூலில் விரிவாக எழுதியிருக்கிறார். ஆச்சாரியாரும் குருக்களும் ஒரே அவையில் நின்ற காலம் அது. விமானத்தில் பொன் ஒளிர்ந்த அந்த 1614ஆம் ஆண்டின் அக்டோபரில் அரசர் வேலூரில் இறந்தார். அடுத்து உள்நாட்டுப் போர்.

கடிதத்தை எழுதியவர் மனுவேல் பராதாஸ். எழுதிய இடம் கொச்சி. நாள் 1616 டிசம்பர் 12. லிஸ்பன் ஆவணக் காப்பகத்தில் கிடந்த அதனை இராபர்ட் சீவெல் விசயநகரம் பற்றிய தம் 1900ஆம் ஆண்டு நூலில் ஆங்கிலத்தில் தந்தார். கொச்சியிலிருந்து எழுதியவர் வேலூர்க் கோட்டைக்குள் நின்று பார்த்தவர் அல்லர் என்பதை மறந்துவிடக் கூடாது. பிறர் சொல்லக் கேட்டதையே எழுதுகிறார். இருந்தும் அவர் தீட்டும் காட்சிகள் கண்ணை விட்டு அகல மறுக்கின்றன.

சாகும் தறுவாயில் இருக்கும் முதிய அரசர் தம் அண்ணன் மகன் சிக்கராயனை அழைத்து, முத்திரை மோதிரம் அணிந்த கையை நீட்டுகிறார். அவனோ மோதிரத்தை எடுக்காமல் காலில் விழுந்து அழுகிறான். தனக்கு அரசு வேண்டாம், வேறு யாருக்காவது கொடுங்கள் என்கிறான். அருகிலிருந்தோர் தூக்கி நிறுத்துகின்றனர். மறுபடியும் கை நீள்கிறது, மறுபடியும் மறுக்கிறான். கடைசியில் தலைவர்கள் வற்புறுத்த, மோதிரத்தை வாங்கித் தலைமேல் வைத்து, பின் விரலில் அணிந்துகொள்கிறான், கண்ணீர் நிற்காமலே. அடுத்து அரச அங்கி வருகிறது. அதன் மதிப்பு 2,00,000 குருசாது என்று பராதாஸ் கணக்குச் சொல்கிறார். பின்னர் காதணிகள், முத்துக்கள். மூன்றாம் நாள் அரசர் இறக்கிறார். சந்தனக் கட்டை அடுக்கிய சிதையில் அவர் உடல் எரிகிறது. அரசியர் மூவர் உடன்கட்டை ஏறுகின்றனர். அதைப் பராதாஸ் கண்டனமின்றி எழுதிக் கடந்துவிடுகிறார். எனக்கு அந்த இடத்தில் அவர்மேல் வருத்தம் உண்டு.

புதிய அரசனின் போக்கு தலைவர்கள் சிலருக்குப் பிடிக்கவில்லை. ஜக்கராயனும் வேறு இருவரும் கூடிச் சதி செய்து அரசனையும் குடும்பத்தையும் சிறைப்படுத்தினர். வேறொரு சிறுவன் அரியணையில் அமர்த்தப்பட்டான். பெருந்தலைவர்களில் யாசமர் மட்டுமே அவனுக்குத் தலை வணங்க மறுத்துக் கோட்டைக்கு வெளியே பாளையம் இறங்கினார். சிறையிலிருந்த அரசனின் மக்களுள் ஒருவனையாவது மீட்க வழி தேடினார். வழி ஒரு வண்ணார் வடிவில் வந்தது. அரண்மனை அழுக்குத் துணியை எடுக்க வந்த அவர், மூட்டைக்குள் இளவரசனை வைத்துக் கட்டிக் காவலர் கண்முன் வெளியே சுமந்துவந்தார். அச்சிறுவன் பெயர் இராமதேவன். வெளியே ஒரு வாரிசு இருக்கிறான் என்று தெரிந்ததும் போர் மூண்டது. உள்ளே இருந்தவர்களை மீட்க யாசமர் செய்த முயற்சிகள் கைகூடவில்லை. முடிவில் ஜக்கராயனின் ஏவலால் அரசனும் அரசியும் எஞ்சிய மக்களும் வாளுக்கு இரையாயினர்.

எங்கள் பங்கில் மாதம் ஒரு ஞாயிறு மாலை சிலர் கூடி ஏதேனும் ஒன்றைப் படித்துப் பேசுவது வழக்கம். பெரும்பாலோர் தறியில் இருப்பவர்கள். ஒருமுறை இந்தப் பகுதியைத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன். ஐம்பது ஆண்டுகள் குழித்தறியில் கால் வைத்திருந்த முதியவர் ஒருவர் இடைமறித்தார். "ரெண்டு லட்சத்து உடுப்பு அப்பனுக்கு எமனாச்சு. அழுக்குத் துணி புள்ளைய காப்பாத்திச்சு. ரெண்டையும் ஒரே காயிதத்துலயா எழுதியிருக்கார்?" ஆம் என்றேன். சற்று நேரம் கழித்து, "அந்த வண்ணாருக்குப் பேர் போடலையா சாமி?" என்றார்.

போடவில்லை. அங்கியின் விலையைக் கேட்டுக் குறித்தவர், வண்ணாரின் பெயரைக் கேட்டுக் குறிக்கவில்லை. துணியை நெய்து வாழும் ஒருவர் இரண்டு துணிகளையும் இணைத்துப் பார்த்தார். குருமடத்தில் பல ஆண்டுகள் நூல்களை ஆராயக் கற்ற எனக்கு அது படவில்லை.

அரசர்கள் இரண்டாம் நூலின் பதினோராம் அதிகாரத்தை வாசகர்கள் இந்நேரம் நினைத்திருப்பீர்கள். அரச குடும்பத்தையே அழிக்கப் புறப்பட்ட அத்தலியாவின் கையிலிருந்து யோசேபா குழந்தை யோவாசை ஒளித்துக் காத்த கதை அது. அங்கே யோசேபாவுக்குப் பெயர் உண்டு. அவள் அரசனின் மகள். குழந்தையோடு ஒளிந்திருந்த செவிலித்தாய்க்குப் பெயர் இல்லை. விவிலிய ஆசிரியரே இப்படிச் செய்திருக்க, பராதாஸ் அடிகளை மட்டும் குறைகூற மனம் வரவில்லை.

ஆனால் அவர் அந்த வண்ணாரைப் பார்த்தார். காவியங்கள் காணாத ஒன்றை அவர் கண்டது எப்படி? அறிவு, புலமை, மொழித்திறன் எதிலும் அவையின் புலவர்களுக்கு அவர் ஈடல்லர். என் எண்ணத்தில் காரணம் ஒன்றுதான். அவருக்கு முடிவு தெரியாது. 1616 டிசம்பரில் அவர் பேனாவைக் கீழே வைக்கும்போது இரு தரப்புப் படைகளும் திருச்சிராப்பள்ளிச் சமவெளியில் திரண்டு நிற்கின்றன. பத்து இலட்சம் வீரர் என்கிறார். அந்தத் தொகையை நம்ப வேண்டியதில்லை, அது அஞ்சியவர்களின் கணக்கு. யார் வெல்வார் என்பது தெரியாமல் கடிதம் நின்றுவிடுகிறது. முடிவு தெரியாதவனுக்கு எல்லாச் செய்தியும் முக்கியம். மோதிரத்தை வாங்க மறுத்தவனின் அழுகை முக்கியம். மூட்டை சுமந்தவரின் தோள் முக்கியம். எது கதையின் தொடக்கம், எது கிளைக்கதை என்று அவனால் பிரிக்க முடியாது.

இனிக் காவியங்கள். திருச்சிராப்பள்ளிச் சமவெளியில் திரண்ட படைகள் கல்லணைக்கு அருகே தோப்பூரில் மோதின. ஜக்கராயனோடு மதுரை முத்துவீரப்ப நாயக்கரும் செஞ்சிக் கிருஷ்ணப்ப நாயக்கரும் நின்றனர். இராமதேவனையும் யாசமரையும் தஞ்சை இரகுநாத நாயக்கர் ஆதரித்தார். ஜக்கராயன் போரில் வீழ்ந்தான். வென்ற இரகுநாதரின் அவையில் இரு வடமொழிக் காவியங்கள் எழுந்தன. கோவிந்த தீட்சிதரின் மகன் யக்ஞநாராயண தீட்சிதர் எழுதிய 'சாகித்திய ரத்னாகரம்' ஒன்று. அவைப் புலவர் இராமபத்ராம்பா என்னும் பெண்மணி எழுதிய 'இரகுநாதாப்யுதயம்' மற்றொன்று. இரகுநாதரின் மகன் விசயராகவரும் அதே தலைப்பில் தெலுங்கில் ஒன்று செய்தார்.

பதினேழாம் நூற்றாண்டில் ஒரு பெண் அரசவையில் அமர்ந்து போர்க்காவியம் இயற்றினார் என்பது எளிய செய்தியன்று. மொழியைக் கையாளும் ஆற்றலிலும் அணிநலத்திலும் அவர் எவருக்கும் குறைந்தவர் அல்லர். ஆயினும் ஓர் இடறல். அவர் பார்வையில் இரகுநாதர் அரசர் மட்டும் அல்லர், இராமபிரானின் அவதாரம். அரசனைக் கடவுளாக்கியவுடன் எதிரே நிற்பவன் அரக்கனாகிவிடுகிறான். அரக்கனுக்குக் காரணம் தேவையில்லை, குடும்பம் தேவையில்லை, அச்சம் தேவையில்லை. நேற்றுவரை ஒரே அரசருக்குத் திறை செலுத்தி, ஒரே அவையில் வெற்றிலை பெற்றவர்கள் இரண்டாகப் பிரிந்து வெட்டிக்கொண்ட போர் அது. காவியத்தில் அது தேவாசுரப் போராக உருமாறுகிறது. உள்நாட்டுப் போரின் உண்மைத் துயரம் எதிரியை நமக்கு நன்றாகத் தெரியும் என்பதில் இருக்கிறது. அப்சலோமுக்காகத் தாவீது வாயில்மாடத்தில் ஏறி அழுதது, கலகக்காரன் அவர் மகன் என்பதால். அந்த அழுகைக்கு இக்காவியங்களில் இடமில்லை.

அந்தப் பெண் புலவரை நான் குறைத்துப் பேசுவதாக நினைக்க வேண்டாம். அவர் உண்ட சோறு இரகுநாதருடையது. மேலும் அரசவைக் காவியங்கள் வழியாக ஒரு செய்தி நமக்குக் கிடைக்கிறது. அதனைக் கொச்சியிலிருந்த குருவால் தந்திருக்க முடியாது. இரகுநாதர் படையுடன் பழமானேரியை அடைந்தபோது, பகைவர் காவிரி அணையை உடைத்துவிட்டனர் என்ற தகவல் வருகிறது. காவியத்தில் அது மன்னரின் சினத்தை மூட்டுவதற்காக வருகிறது. சினம் மூண்டதும் அணை மறக்கப்படுகிறது. தஞ்சை மண்ணில் பிறந்த யாரும் அந்த இடத்தை அவ்வளவு விரைவாகக் கடக்க இயலாது. கல்லணையில் தேக்கித் திருப்பாவிட்டால் நீர் கொள்ளிடத்தில் இறங்கிக் கடலுக்குப் போகும். நாற்றங்கால் காயும். அரசுரிமை யாருக்கு என்று இரு பிரிவினர் வழக்காட, அந்த வழக்கில் எந்தப் பங்கும் இல்லாத உழவர்கள் விலை கொடுத்தனர். புலவர் அதனைச் சொல்ல வரவில்லை. ஆனால் அவர் கையை மீறி அந்த ஒரு செய்தி உள்ளே வந்துவிட்டது. அதே காவியம் இரகுநாதர் கடல் கடந்து யாழ்ப்பாணத்து அரசுரிமைச் சண்டையில் தலையிட்டதையும் பாடுகிறது. 1983 முதல் 2009 வரை அதே நீரிணைக்கு அப்பாலிருந்து படகேறி வந்தவர்களை நம் முகாம்களில் சந்தித்திருக்கிறோம். அத்தகையோர் பக்கம் அந்தப் பாடல்கள் திரும்பிப் பார்ப்பதில்லை.

இதுவரை சொன்னதைக் கொண்டு, குரு எழுதியது உண்மை, புலவர் எழுதியது புகழ்ச்சி என்று தீர்ப்பு வழங்கி எழுந்துவிடலாம். ஒரு கத்தோலிக்க இதழில் அப்படி முடிப்பது வசதியாகவும் இருக்கும். கடிதத்தை இரண்டாம் முறை படித்தபோது அந்த வசதி போய்விட்டது.

ஜக்கராயன் அரியணையில் அமர்த்திய சிறுவனைப் பற்றிப் பராதாஸ் சொல்வதைக் கேளுங்கள். வேங்கடபதியின் அரசியருள் ஒருத்தி, ஜக்கராயனின் குடும்பத்துப் பெண். கடிதம் அவளைப் பாயம்மா என்கிறது. பிள்ளையில்லாத அவள் கருவுற்றதாக நடித்து, ஒரு பிராமணப் பெண்ணின் குழந்தையை வாங்கித் தன் மகன் என்று காட்டினாளாம். அரசர் உண்மையை அறிந்தும் அவள்மேல் வைத்திருந்த அன்பினால் வாய் திறக்கவில்லையாம். இதைச் சிறு ஐயமுமின்றி எழுதிச் செல்கிறார். அந்தப்புரத்துக்குள் நடந்ததைக் கொச்சியில் இருந்தவர் எப்படி அறிந்தார்? சொன்னவர்கள் யார்? இராமதேவன் பக்கத்தவர்கள்தாம் என்று ஊகிக்க அதிக அறிவு தேவையில்லை.

இந்தக் கதையின் மறுபதிப்பை நாம் வேறோர் இடத்தில் கண்டிருக்கிறோம். 1688இல் இங்கிலாந்தின் கத்தோலிக்க அரசர் இரண்டாம் ஜேம்சுக்கு ஆண்குழந்தை பிறந்தது. அது அரசியின் குழந்தையே அல்ல, படுக்கையைச் சூடாக்கும் கரிச்சட்டிக்குள் வைத்து வெளியிலிருந்து கொண்டுவரப்பட்டது என்று எதிர்த்தரப்பினர் நாடெங்கும் பரப்பினர். பலர் பிரசவ அறையில் கூடியிருந்ததாகச் சாட்சி சொல்லியும் பயனில்லை. அவ்வாண்டின் முடிவிலேயே அரசர் நாட்டைவிட்டு ஓட நேர்ந்தது. கத்தோலிக்க வரலாற்றாசிரியர்கள் அந்தக் கரிச்சட்டிக் கதையை இன்றும் எள்ளி நகையாடுகிறார்கள். நானும் குருமட நாட்களில் அதைக் கேட்டுச் சிரித்தவன்தான். ஆனால் வேலூர் அரசியைப் பற்றிய அதே வடிவக் கதையை நம் சபைக் குரு எழுதியபோது சிரிக்காமல் நம்பினேன். ஒரு குழந்தை திருட்டுத்தனமாக உள்ளே வந்தது என்ற கதை அவதூறாகவும், ஒரு குழந்தை மூட்டையில் வெளியே சென்றது என்ற கதை வீரமாகவும் நமக்குப் படுவது, நாம் எந்தப் பக்கம் நிற்கிறோம் என்பதைப் பொறுத்தது போலும். இரண்டும் உண்மையாக இருக்கலாம். ஒன்றை ஆராயாமல் ஏற்றேன் என்பதே என்னை உறுத்தியது.

கடிதத்தின் இறுதிப் பகுதி இன்னும் சங்கடமானது. இந்தக் குழப்பத்தைப் பயன்படுத்திக்கொண்டு, சாந்தோமிலிருந்த போர்த்துகீசியர் பழவேற்காட்டிலிருந்த ஒல்லாந்தர் கோட்டையைப் பிடிக்க முயன்றதை அவர் எழுதுகிறார். முயற்சி பலிக்கவில்லை. அரசனின் கண்ணீரைக் கூர்ந்து பார்த்தவர் இங்கே வணிகக் கணக்கர்போல் பேசுகிறார். பழவேற்காட்டில் மடிந்தவர்களுக்கு முகம் இல்லை. தம்மவர் நலன் நுழைந்த இடத்தில் அவர் எழுத்தும் அவைப்புலவர் எழுத்தாகிவிட்டது. அதே ஆண்டுகளில் மதுரையில் தத்துவ போதகர் நோபிலி அடிகள் உழைத்துக்கொண்டிருந்தார். அவர் வாழ்ந்த நாட்டின் அரசரோ ஜக்கராயனின் அணியில் நின்றார். மதுரையிலிருந்து ஒருவர் இப்போரைப் பற்றி எழுதியிருந்தால், கலகக்காரன் என்ற சொல் யார்மேல் விழுந்திருக்கும்?

கலகம் என்ற சொல்லைப் பற்றி இறையியலில் நாங்கள் படித்தது நினைவுக்கு வருகிறது. உரோமையர் பதின்மூன்றாம் அதிகாரத்தைக் கொண்டு ஆட்சியாளருக்குப் பணிவதை வலியுறுத்துவது எளிது. பல மறையுரைகள் அங்கேயே நின்றுவிடும். புனித தோமா அக்குவினாஸ் அப்படி நிற்கவில்லை. கலகம் சாவான பாவம் என்று சொன்ன அதே இடத்தில், கொடுங்கோலாட்சி பொதுநலனுக்கு எதிரானது என்பதால் அதனை அகற்றுவது கலகம் ஆகாது, மக்களைப் பிளவுபடுத்தும் கொடுங்கோலனே கலகக்காரன் என்கிறார். அகற்றும் முயற்சியால் மக்களுக்கு இன்னும் பெரிய கேடு நேரக்கூடாது என்ற எச்சரிக்கையும் உடன் வருகிறது. இயேசு சபையின் சுவாரெஸ் 1613இல் வெளியிட்ட நூலில் அரசரின் அதிகாரம் மக்கள் சமூகத்தின் வழியாகவே வருகிறது என்று வாதிட்டார். 1614இல் பாரிஸ் உயர்நீதி மன்றம் அந்நூலை எரிக்க ஆணையிட்டது. வேங்கடபதி இறந்த அதே ஆண்டு. அக்கருத்துகள் வளர்ந்த சபையில் பயின்றவர் பராதாஸ். ஜக்கராயனின் எழுச்சி கொடுங்கோலனுக்கு எதிரானதா, வெறும் அதிகார வேட்கையா என்று கேட்கும் கருவி அவர் கையில் இருந்தது. சிக்கராயனின் ஆட்சி எப்படி இருந்தது என்பதை இரண்டு வரிகளுக்குமேல் அவர் விசாரிக்கவில்லை. பிள்ளைகளைக் கொன்றவனுக்கு நியாயம் கேட்க யாருக்கும் மனம் வராது, எனக்கும் வரவில்லை. ஆனால் கொலை நடந்தது இறுதியில். முரண்பாடு தொடங்கியபோது ஜக்கராயனிடம் சொல்வதற்கு ஏதோ இருந்திருக்கும். அவன் பக்கத்து எழுத்து ஒன்றும் எனக்குக் கிடைக்கவில்லை. தோற்றவர்களுக்குக் காவியம் பாடச் சோறு போடுவார் யார்?

இவ்வளவும் எழுதிய பிறகு என்னைப் பற்றியும் ஒன்று சொல்லியாக வேண்டும். பல ஆண்டுகளுக்குமுன் நான் பணியாற்றிய ஒரு பங்கில், திருவிழாத் தேர் எந்தத் தெரு வழியாகச் செல்வது என்பதில் மக்கள் இரண்டாகப் பிரிந்தனர். ஒரு தெருவினர் தங்கள் வாசலுக்கும் தேர் வரவேண்டும் என்று கேட்டனர். பேச்சு முற்றிக் கைகலப்பாகிக் காவல்துறை வந்தது. இரண்டு மாதம் கோயில் கதவு மூடிக்கிடந்தது. பின்னர் பழைய வழியே தொடரும் என்று முடிவாயிற்று. அவ்வாண்டின் பங்குக் குறிப்பேட்டில் நான் எழுதிய வரி இது: "சிலர் கலகம் விளைவித்தனர், இறையருளால் அமைதி திரும்பியது."

சென்ற ஆண்டு மறைந்த ஒரு நண்பர் குருவின் உடைமைகளை அடுக்கும்போது, அந்த இரண்டு மாத காலத்தில் நான் அவருக்கு எழுதிய கடிதங்கள் கிடைத்தன. அவற்றில் அந்தச் சிலருக்குப் பெயர் இருந்தது. அவர்களுள் ஒருவர் இரவில் பின்வாசல் வழியாக வந்து, தம் தாய் எழுபது ஆண்டுகளில் ஒருமுறைகூடத் தம் வாசலில் தேரைப் பார்த்ததில்லை என்று சொல்லி அழுததை எழுதியிருந்தேன். அவர் சொல்வது நியாயம் என்று எனக்குப் படுகிறது, ஆனால் என்ன செய்வதென்று தெரியவில்லை என்றும் எழுதியிருந்தேன். என் கையெழுத்துதான். குறிப்பேட்டில் எழுதும்போது முடிவு தெரிந்துவிட்டது. அந்தத் தாயும் மகனும் இரவும் மறைந்துவிட்டனர். இராமபத்ராம்பாவைக் குறைசொல்லும் தகுதி எனக்கு எங்கிருந்து வந்தது?

வேலூர்க் கதைக்கு ஒரு பின்னுரை உண்டு. தோப்பூருக்குப் பிறகும் சண்டை உடனே ஓயவில்லை. ஜக்கராயனின் தம்பி எதிராசன் போரைத் தொடர்ந்தான். இறுதியில் இரு தரப்பும் ஓர் உடன்பாட்டுக்கு வந்தன. மூட்டையில் தப்பிய இராமதேவன் எதிராசனின் மகளை மணந்துகொண்டான்; தன் தாய் தந்தையரையும் உடன்பிறந்தாரையும் கொல்லச் செய்தவனின் தம்பி மகளை. அத்தோடு போர் நின்றது. இதை வாசகர் வட்டத்தில் சொன்னபோது ஒருவரும் பேசவில்லை. நெசவாளர் முதியவர் மட்டும் சிறிது நேரம் கழித்துக் கேட்டார்: "அந்தப் பொண்ணு சம்மதிச்சாளா சாமி?"